பின்மூடியைத் திறக்காத இருபத்திரண்டு மாதங்கள்

என் தங்கையின் கணவர் நாற்பத்தோரு ஆண்டுகள் வீடுகளுக்கு வண்ணம் அடித்தார். எத்தனை வீடுகள் என்று அவருக்குத் தெரியாது. எதையும் எழுதி வைக்கிற மனிதர் அல்ல. அவர் வேலை செய்த தெருக்களில் யாரும் அவரைப் பெயர் சொல்லிக் கூப்பிட்டதில்லை. 'ரெண்டு கோட்டிங்' என்றுதான் சொல்வார்கள். விரிசலோ, கறையோ, பழைய ஆணித் துளையோ, எதைக் காட்டினாலும் தலையைச் சாய்த்துப் பார்த்துவிட்டு, "ரெண்டு கோட்டிங் போட்டா சரியாயிடும்" என்பார். அதைக் கேட்டாலே வீட்டுக்காரர்களுக்குப் பாதிக் கவலை போய்விடும்.

குள்ளமான, இறுகிய உடம்பு. எவ்வளவு தேய்த்துக் குளித்தாலும் காது மடலில் இரண்டு மூன்று வண்ணப் புள்ளிகள் மிச்சமிருக்கும். "காதைப் பாத்தாலே போதும், இன்னைக்கு யார் வீட்டு வேலைன்னு சொல்லிடுவேன்" என்று என் தங்கை கேலி செய்வாள். அவரும் காதைத் தடவிக்கொண்டு சிரிப்பார். அவர்களுக்குப் பிள்ளைகள் இல்லை. எங்கள் பெற்றோர் போனபின் என் தங்கைக்குப் பிறந்த வீடு என்று நான் ஒருவன்தான். இரண்டு தெரு தள்ளித் தனியாக இருக்கிறேன்.

அவர்கள் வீடு ஒரு நான்கு மாடிக் கட்டடத்தின் அடித்தளம். தெருவிலிருந்து ஆறு படி இறங்கிப் போகவேண்டும். படுக்கையறை ஜன்னலில் நடந்து போகிறவர்களின் கால்கள் மட்டும் தெரியும். அந்த ஜன்னலுக்குக் கீழே, மண்ணை ஒட்டிய சுவரில், ஒவ்வொரு மழைக்காலத்திலும் ஒரு கறை வரும். முழங்கால் உயரத்தில் பழுப்பாகத் தொடங்கி, பிறகு கறுப்புப் புள்ளிகளாகப் பரவும். அவர் உதிர்வதை மட்டும் சுரண்டி, பட்டி வைத்து, உப்புத்தாள் போட்டுத் தேய்த்து, இரண்டு கோட்டிங் கொடுப்பார். இருபத்தாறு ஆண்டுகளில் பத்தொன்பது முறை அந்தச் சுவருக்கு அடித்திருக்கிறார். இது நான் எழுதி வைத்த எண்ணிக்கை. நீர்த்தேக்க அலுவலகத்தில் தினமும் காலை எட்டு மணிக்கு நீர்மட்டம் குறிப்பது முப்பத்து நான்கு ஆண்டுகள் என் வேலையாக இருந்தது. ஓய்வுக்குப் பிறகும் கை சும்மா இருக்கவில்லை.

என் தங்கை தொலைபேசி விசாரணைப் பிரிவில் இருந்தவள். ஒரு நாளைக்கு முந்நூறு அழைப்புக்குப் பதில் சொன்ன தொண்டை. வீட்டில் போன் அடித்தாலும் பழக்க தோஷத்தில், "சொல்லுங்க, என்ன தகவல் வேணும்?" என்றுதான் எடுப்பாள். அறுபத்திரண்டாவது வயதில் அந்தத் தொண்டையில் இருமல் வந்து உட்கார்ந்தது. படி ஏறினால் மூச்சு வாங்கியது. தெருமுனை டாக்டர் வீட்டுக்கே வந்து பார்த்தார். சுவரைத் தொட்டுவிட்டு விரலை மோந்தார். "இந்த ஈரத்துல நல்ல மனுசனே இருமுவான். ஈரம் எடுக்கிற மிஷின் ஒண்ணு வாங்கி வைங்க" என்றார்.

ஜூன் ஒன்பதாம் தேதி நானும் மாப்பிள்ளையும் போய் வாங்கி வந்தோம். இடுப்புயர வெள்ளைப் பெட்டி. முன்னால் காற்றை இழுத்து, உள்ளே இருக்கும் குளிர்ந்த தகடுகளில் ஈரத்தைப் பிடித்து, அடியிலுள்ள தொட்டியில் நீராக இறக்கிவிட்டு, உலர்ந்த காற்றை மேலே விடும். பின்மூடிக்கு நான்கு திருகாணிகள். அதில் ஒன்றின் மேல் ஒரு வெள்ளி நிற ஒட்டுத்தாள்: இதைக் கிழித்தால் ஐந்தாண்டு உத்தரவாதம் செல்லாது. உத்தரவாத அட்டையை நான் வாங்கி, பிளாஸ்டிக் உறையில் போட்டு என் பீரோவில் வைத்துக்கொண்டேன்.

முதல் நாள் அது இரண்டு லிட்டர் முந்நூறு மில்லி தண்ணீர் பிடித்தது. என் தங்கை தொட்டியை எட்டிப் பார்த்துவிட்டு வாயில் கைவைத்தாள். "ஐயய்யோ, இவ்வளவையும் நான் மூச்சா இழுத்துக்கிட்டு இருந்தேனா?" அன்றே அதற்குக் 'குடிகாரன்' என்று பெயர் வைத்துவிட்டாள். நான் மாலையில் போனால், "அண்ணே, உன் சிநேகிதன் இன்னைக்கு ரெண்டு லிட்டர் அடிச்சிட்டு நிக்கிறான், எழுதிக்கோ" என்பாள். நான் எழுதிக்கொள்வேன். தண்ணீரின் அளவு, அறையின் ஈரப்பதம், குறிப்பு என்று மூன்று பத்தி.

ஞாயிற்றுக்கிழமை காலை மாப்பிள்ளை அதைச் சுத்தம் செய்வார். தொட்டியை வெளியே எடுத்துச் சோப்பு நீரில் கழுவி, மூலைகளைப் பழைய பல் துலக்கும் பிரஷால் தேய்த்து, வினிகர் ஊற்றி அரை மணி ஊறவைத்து அலசுவார். ஃபில்டரைக் கழற்றித் தூசி தட்டி, குழாயடியில் காட்டி, ஆறாவது படியில் வெயிலில் நிறுத்துவார். ஈரம் காயாமல் ஒரு நாளும் திரும்ப மாட்டியதில்லை. வெளிப்புறத்தை ஈரத்துணியால் ஒருமுறை, காய்ந்த துணியால் ஒருமுறை துடைப்பார். "அதுக்கும் ரெண்டு கோட்டிங்கா?" என்று உள்ளேயிருந்து குரல் வரும். கண்ணுக்குத் தெரிந்த இடத்தில் அந்த இயந்திரத்தில் ஒரு புள்ளி அழுக்கு கிடையாது.

முதல் ஆண்டு நன்றாகவே போனது. சுவர் காய்ந்தது. அந்த மழைக்காலத்தில் கறை வரவில்லை. இருமல் குறைந்ததென்று என் குறிப்பில் எட்டு இடங்களில் இருக்கிறது.

பதின்மூன்றாம் மாதம் மாப்பிள்ளை என்னை வாசலிலேயே நிறுத்தினார்.

"மச்சான், மிஷினுக்குள்ள ஏதோ வாசனை வருது."

"எலி செத்திருக்கா?"

"எலி வாசனை எனக்குத் தெரியாதா? இது ஈரச் சாக்கை மடிச்சு வெச்ச வாசனை. செவுத்துல பூசணம் வர்றதுக்கு முன்னாடி இப்படித்தான் வரும். நாலு ஸ்குருதான், பத்து நிமிஷத்துல திறந்து பாத்துடறேன்."

திருப்புளி ஏற்கெனவே கையில் இருந்தது. நான் உள்ளே போய் ஒட்டுத்தாளைக் காட்டினேன்.

"இதுவா? தண்ணி தொட்டுத் தேச்சா வந்துட்டுப் போவுது. எத்தனை செவுத்துல போஸ்டர் உரிச்சிருக்கேன்!"

"மாப்ள, இது போஸ்டர் இல்ல. இதைத் தொட்டீங்கன்னா மூணு வருஷம் பதினோரு மாசத்து உத்தரவாதம் போச்சு. நாளைக்கு மிஷின் நின்னுட்டா யாரைக் கேப்பீங்க?"

படுக்கையிலிருந்து என் தங்கை சிரித்தாள். "பொண்ணு பாக்கப் போன எடத்துலயே உத்தரவாத அட்டை கேட்டவரு எங்கண்ணன். அதான் இன்னும் தனியா இருக்காரு. அவருகிட்ட போய் வாதாடறீங்களே!"

அவர் ஒரு நிமிடம் அந்தத் தாளைப் பார்த்துக்கொண்டு நின்றார். பிறகு திருப்புளியை ஜன்னல் விளிம்பில் வைத்துவிட்டார். "மச்சான் சொன்னா சரியாத்தான் இருக்கும். படிச்சவங்க" என்றார். அதில் கேலி இல்லை. எழுதி வைக்கிறவன் சொன்னால் அதில் தவறு இருக்காது என்று அவர் நம்பினார்.

நான் கம்பெனிக்குப் புகார் செய்தேன். ஆகஸ்டு இருபத்து மூன்றாம் தேதி ஒருவர் வந்தார். பொத்தான்களை அழுத்தினார், தொட்டியைப் பார்த்தார்.

"தண்ணி இறங்குதா?"

"இறங்குது" என்றேன். "நேத்து ஒரு லிட்டர் எழுநூறு."

"சத்தம் வருதா?"

"இல்ல."

"அப்புறம் என்ன சார்? வாசனையெல்லாம் ரிப்பேர்ல வராது. பழுது இல்லாம பின்பக்கம் திறக்க எனக்கே அனுமதி கிடையாது. ஃபில்டரைக் கழுவிக்கிட்டே இருங்க."

"கழுவாம இருந்தா கேளுங்க தம்பி" என்றார் மாப்பிள்ளை. ஃபில்டரைக் கழற்றி அவர் முகத்துக்கு நேரே பிடித்தார். வந்தவர் அதை வாங்கி விளக்குக்கு எதிரே காட்டினார். "எங்க ஷோரூம்லகூட இவ்வளவு சுத்தமா இருக்காது" என்று சொல்லி, என் நோட்டில் கையெழுத்துப் போட்டுவிட்டுப் போனார்.

அக்டோபரிலிருந்து இருமல் திரும்பியது. நான் அறையின் நான்கு மூலைகளிலும் ஈரப்பதம் அளந்தேன். கதவருகே நாற்பத்தொன்பது, தலைமாட்டில் அறுபத்தொன்று. தலைமாட்டில் அதிகமாக இருப்பதால் இயந்திரத்தை அங்கே நகர்த்தவேண்டும் என்று நான்தான் சொன்னேன். நவம்பர் நான்காம் தேதி நகர்த்தினோம். அதன் காற்று அவள் முகத்தில் படுகிற தூரம். மறுநாள் தலைமாட்டிலும் நாற்பத்தொன்பது வந்தது. எனக்கு மிகவும் திருப்தியாக இருந்தது.

ஜனவரியில் அவளால் கட்டிலிலிருந்து குளியலறைக்கு நடக்க முடியவில்லை. ஆஸ்பத்திரியில் ஒன்பது நாள் வைத்துக்கொண்டார்கள். ஐந்தாம் நாளே எழுந்து உட்கார்ந்து, பக்கத்துக் கட்டில்காரியோடு வம்பு பேசினாள். அந்த ஒன்பது நாளும் வீட்டில் இயந்திரம் ஓடிக்கொண்டிருந்தது. என் பதிவில் இடைவெளி விழக்கூடாது என்று நான் போய்த் தொட்டியைக் காலி செய்தேன்.

பெரிய டாக்டர் எங்கள் இருவரையும் உட்காரவைத்துப் பேசினார். "காத்துல ஏதோ ஒண்ணு இவங்க நுரையீரலுக்குள்ள போய்க்கிட்டே இருக்கு. ரொம்ப நாளா. வீட்டுல புறா, கோழி ஏதாவது வளக்கறீங்களா? பூஞ்சை இருக்கா?"

மாப்பிள்ளை இரண்டு கையையும் முழங்காலில் ஊன்றிக்கொண்டார். "செவுத்துல இருக்கு டாக்டர். நான்தான் மேல மேல அடிச்சு மூடிட்டேன். இருபத்தாறு வருஷமா."

வீட்டுக்கு வந்த நான்காம் நாள் இருமல் பழையபடி ஆனது. சுவர்தான் என்று அவர் முடிவு செய்துவிட்டார். மார்ச்சில் அவளைக் கூடத்துக்கு மாற்றினார். இயந்திரத்தையும் கூடவே தள்ளிக்கொண்டு வந்து தலைமாட்டில் வைத்தார். படுக்கையறைக் கதவை மூடி, இடுக்குகளில் ஈரத்துணி அடைத்து, அந்தச் சுவரைச் செங்கல் வரை சுரண்டினார். பத்தொன்பது முறை அடித்த வண்ணம் அட்டை போல ஏடு ஏடாக வந்தது. ஓர் ஏட்டை எடுத்து என்னிடம் காட்டினார். விளிம்பில் பச்சை, நீலம், வெள்ளை, சந்தன நிறம் என்று வரிசையாகக் கோடுகள். "நம்ம குடும்பத்து வரலாறு மச்சான்" என்றார். சிரிக்கவில்லை.

கூடத்தில் அவள் நிலைமை மேலும் மோசமானது.

ஏப்ரல் பதினான்காம் தேதி மதியம் நான் போனபோது அவர் கட்டிலுக்கும் இயந்திரத்துக்கும் நடுவே தரையில் உட்கார்ந்திருந்தார். அவள் கண்ணயர்ந்திருந்தாள். ஒவ்வொரு மூச்சுக்கும் அவளுடைய தோள் ஏறி இறங்கியது.

"மச்சான், செவுரு அங்கேயே இருக்கு. இவ இங்க வந்துட்டா. கூட வந்தது எது?"

அவர் மின்சாரத்தை நிறுத்தி, இயந்திரத்தைத் தூக்கிக்கொண்டு படியேறினார். வெளியே நான்காம் படியில் வைத்து, பட்டி வைக்கும் தகட்டால் ஒரே இழுப்பில் அந்த ஒட்டுத்தாளைச் சுரண்டி எறிந்தார். நான் தடுக்கவில்லை. அட்டை அப்போதும் என் பீரோவில் உறைக்குள் இருந்தது. மூன்று ஆண்டு இரண்டு மாதம் மீதி.

மூடி வந்தது. உள்ளே காற்றைத் தள்ளுகிற சக்கரம் முழுக்க முயல் தோல் போலச் சாம்பல் நிறத்தில் ரோமம் முளைத்திருந்தது. குளிர்ந்த தகடுகளுக்கு நடுவே கறுப்பு மாவு அடைத்திருந்தது. தகடுகளின் கீழே, தண்ணீர் சொட்டித் தொட்டிக்கு இறங்குகிற தட்டில், விரல் கனத்துக்கு வழவழவென்று ஒரு தோல். அவர் தகட்டின் நுனியால் அதைத் தூக்கினார். அது கிழியாமல் முழுதாக எழுந்து வந்தது. ஃபில்டர் இதற்கெல்லாம் முன்னால் இருப்பது. அதைத் தாண்டிப் போன காற்று இவற்றைத் தொட்டுவிட்டுத்தான் மேலே வந்திருக்கிறது.

அவர் முகத்தில் துண்டைக் கட்டிக்கொண்டு வேலையைத் தொடங்கினார். ரோமத்தை ஈரக் காகிதத்தால் ஒற்றி ஒற்றி எடுத்தார். தேய்த்தால் பறக்கும் என்றார். சக்கரத்தைக் கழற்றிச் சோப்பு நீரில் முக்கினார். நாற்பத்திரண்டு இதழ்கள் அதற்கு. நான் எண்ணிக்கொண்டு நின்றேன். வேறென்ன செய்வதென்று எனக்குத் தெரியவில்லை. ஒவ்வோர் இதழையும் முன்னும் பின்னும் தேய்த்தார். தகடுகளை, மடங்காதபடி, மேலிருந்து கீழாக மட்டும் மெல்லிய பிரஷால் வழித்தார். தட்டுக்கு வினிகர் ஊற்றி ஊறவைத்து, சொட்டும் துளையில் கம்பி விட்டு எடுத்தார். இரண்டரைக்குத் தொடங்கியவர் ஆறு பத்துக்கு முடித்தார். அவர் வாழ்நாளில் செய்த வேலைகளில் அதுபோல் சுத்தமான வேலையை நான் பார்த்ததில்லை.

பாகங்களை வெயில் மறையும் பக்கமாகப் பரப்பிவிட்டு என் அருகில் வந்து உட்கார்ந்தார்.

"அவகிட்ட சொல்லவேணாம் மச்சான்."

"எதை?"

"இதை. அன்னைக்கு நீங்க வேணாம்னது அவளுக்கும் ஞாபகம் இருக்கும். பொறந்த வீடுன்னு அவளுக்கு உங்களை விட்டா யாரு? என்னைத் திட்டிக்கட்டும். முப்பத்தாறு வருஷமா திட்டிப் பழக்கப்பட்ட வாய்தானே."

நாங்கள் உள்ளே போனபோது அவள் விழித்திருந்தாள்.

"குடிகாரன் வயித்துல என்ன இருந்துச்சு?"

"தூசி" என்றார்.

"தூசிக்கா இவ்வளவு நேரம்?"

"எனக்குக் கை மெதுவுன்னு நீதானே ஊரெல்லாம் சொல்றே."

"அப்ப என் நெஞ்சைக் கெடுத்தது எது?"

"செவுருதாம்மா" என்றார். "நான் மூடி மூடி வெச்சது."

அவள் என்னைப் பார்த்தாள். ஆமாம் என்பதுபோல நான் தலையசைத்தேன்.

சுத்தம் செய்த பிறகு இருமல் நின்றது. அந்தச் சுவரை விட்டுக் கூடத்துக்கு வந்ததால்தான் என்று அவள் எடுத்துக்கொண்டாள். மூச்சு திரும்பவில்லை. "நுரையீரல்ல தழும்பு விழுந்துடுச்சு. இனிமே விழாம பாத்துக்கலாம். விழுந்ததை எடுக்க முடியாது" என்றார் பெரிய டாக்டர். ஆறு மாதம் முன்னால் நிறுத்தியிருந்தால் என்று ஏதோ தொடங்கினார். நான் எழுந்து தண்ணீர் குடிக்கப் போனேன்.

கட்டிலருகே ஆக்சிஜன் சிலிண்டர் வந்தது. முதலில் அவள் திட்டுவதில் பழைய விளையாட்டு இருந்தது. "ஊர் செவுத்துக்கெல்லாம் வைத்தியம் பாத்த ஆளு, பொண்டாட்டிக்குப் பூசணத்தைச் சீதனமா குடுத்துட்டாரு" என்பாள். மூச்சு குறையக் குறைய வாக்கியங்கள் சுருங்கின, விளையாட்டும் போய்விட்டது. சுவர்ப்பக்கம் முகம் வைத்துப் படுக்க மறுத்தாள். செப்டம்பரில் அவரிடம் பேசுவதை நிறுத்திவிட்டாள். அவர் எதிரிலேயே நிற்பார்; அவள் என்னைப் பார்த்து, "அண்ணே, அவரைத் தண்ணி எடுத்துட்டு வரச் சொல்லு" என்பாள். நான் சொல்வதற்கு முன்பே அவர் போயிருப்பார். அவள் குடித்து முடித்து டம்ளரை என் கையில் கொடுப்பாள். என் கையிலிருந்து அவர் வாங்கிக்கொள்வார்.

நவம்பர் பத்தாம் தேதி காலை பதினொன்றே காலுக்கு அவள் இறந்தாள். இயந்திரத்தைத் திறந்த நாளிலிருந்து இருநூற்றுப் பத்து நாட்கள். அத்தனை நாளும் போய் உட்கார்ந்திருக்கிறேன். ஒரு நாள்கூட நான் வாயைத் திறக்கவில்லை. கடைசி வாரம் ஒருமுறை சொல்லத்தான் போனேன். அவள் என் கையைப் பிடித்து, "நீ ஒருத்தன்தான் அண்ணே எனக்கு நல்லது செஞ்சே" என்றாள். அதற்குப் பிறகு முடியவில்லை.

துக்கத்துக்கு வந்தவர்கள் செங்கல் தெரிந்த படுக்கையறையை எட்டிப் பார்த்தார்கள். "பெயின்டர் வீட்டுச் செவுரைப் பாரு" என்று ஒருத்தி சொன்னது கூடம் வரை கேட்டது. அவர் எழுந்து போய் அவளிடம், "ஆமாங்க, என் செவுருதான்" என்றார். பிறகு அந்தத் தெருவில் அவரை யாரும் வேலைக்குக் கூப்பிடவில்லை. அவரைத் தெரிந்தவர்கள் இதைப் படிக்கலாம். அவர்களுக்காக எழுதுகிறேன்: சுவர் அல்ல. சுவர் அந்த இயந்திரத்தால் முதல் ஆண்டிலேயே காய்ந்துவிட்டது. அவர் ஜூலை மாதமே திறக்க நினைத்தார். நான் தடுத்தேன்.

இதை அவரிடமும் சொல்லிவிடவேண்டும் என்று இந்த மார்ச் மாதம் இரண்டாம் தேதி போனேன். கதவு திறந்திருந்தது. கூடத்தில் சாமான்களெல்லாம் நடுவே குவிந்து, மேலே பழைய துணி மூடியிருந்தது. அவர் தெருப்பக்கத்துச் சுவரில், முழங்காலிட்டு, சுரண்டிக்கொண்டிருந்தார். மற்ற மூன்று சுவர்களும் ஏற்கெனவே செங்கலாக நின்றன. தலைமுடியெல்லாம் சுண்ணாம்புத் தூள்.

"மாப்ள, விடுங்க. செவுரு இல்லன்னு உங்களுக்கே தெரியுமே. எல்லார்கிட்டயும் நான் சொல்லிடறேன். மிஷின்தான். என்னாலதான்."

அவர் திரும்பிப் பார்த்தார். யாரோ தெரியாத ஊரைப் பற்றிச் சொன்னதைக் கேட்பது போல இருந்தது அந்த முகம்.

"மிஷின்ல தூசிதானே மச்சான் இருந்துச்சு?"

"மாப்ள..."

"செவுருதான். அவளே சொன்னா. கடைசி வரைக்கும் அதைத்தான் சொன்னா."

நான் முழங்காலை மடக்கி அவர் பக்கத்தில் உட்கார்ந்து, அவர் திறந்து வைத்திருந்த செங்கலில் உள்ளங்கையை வைத்தேன். நன்றாக அழுத்தி வைத்தேன். காய்ந்திருந்தது. அவர் கையையும் பிடித்து இழுத்து அதன் மேல் வைத்தேன்.

"பாருங்க. ஈரமே இல்ல."

சிறிது நேரம் கையை எடுக்காமல் வைத்திருந்தார். புரிந்துகொண்டார் என்று நான் நம்பினேன். பிறகு கையை உருவிக்கொண்டு தகட்டை எடுத்தார்.

"இன்னும் உள்ள இருக்கும் மச்சான்" என்று சொல்லிவிட்டு, செங்கலையே சுரண்டத் தொடங்கினார்.